குழலை வைத்துக்கொண்டோம், தட்டை விட்டோம்

முள்ளில் காசு மிச்சம் பிடித்ததில்தான் நம் கணக்குத் தொடங்குகிறது. கிராமபோனின் எஃகு முள் ஒரு பக்கத்துக்கு ஒன்று. மூன்று நிமிடப் பாட்டு முடிந்ததும் அதை எறிந்துவிட வேண்டும். டப்பா மூடியிலேயே அப்படி அச்சிட்டிருந்தார்கள். நாம் முள் மழுங்கிய பிறகும் விடாமல் ஓட்டினோம். அது தட்டின் வரிப்பள்ளத்தை உழுதது. அழுக்குப் போகட்டும் என்று சிலர் ஸ்பிரிட் போட்டுத் துடைத்தோம். தட்டு அரக்கால் ஆனது; அரக்கு ஸ்பிரிட்டில் கரையும் என்று தச்சரைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். இன்று, பழைய பாட்டென்றால் கரகரக்கத்தான் செய்யும் என்கிறோம். அந்தக் கரகரப்பில் நம் கைவேலையும் இருக்கிறது.

நாடக மேடைப் பாடகர் எஸ்.ஜி. கிட்டப்பா 1933-இல், 27 வயதில் போய்விட்டார். தமிழில் பேசும்படம் வந்து இரண்டு ஆண்டுதான் ஆகியிருந்தது. அவர் எந்தப் படத்திலும் நடிக்கவில்லை. கொட்டகையின் கடைசி வரிசைவரை எட்டிய அந்தக் குரலுக்கு அரக்குத் தட்டுகளே சாட்சி. அவர் எத்தனை கட்டையில் பாடினார் என்று இன்றும் வாதாடுகிறோம். எந்தத் தட்டு எந்த வேகத்தில் பதிவானது என்று மட்டும் பார்ப்பதில்லை. நிமிடத்துக்கு 78 சுற்று என்பது போகப் போக நிலைபெற்ற வழக்கம். தொடக்கக் காலத் தட்டுகள் முன்னே பின்னே இருக்கும். 74 சுற்றில் பதிந்ததை 78-இல் ஓட்டினால் சுருதி ஏறக்குறைய அரைக் கட்டை ஏறிவிடும். யாரோ யூடியூபில் ஏற்றிவைத்ததைக் கேட்டுவிட்டுத் தீர்ப்புச் சொல்லும் துணிச்சல் நமக்கு எங்கிருந்து வந்ததோ!

இதைவிடக் கூச்சம் தருவது ஒன்று உண்டு. மைக் வராத காலத்தில், பதிவுக் குழலுக்குள் முகத்தைக் கொடுத்து உரக்கப் பாட வந்தவர்களில் முன்வரிசை தேவதாசி மரபுப் பெண்களுடையது. சேலம் கோதாவரி, கோயம்புத்தூர் தாயி, பெங்களூர் நாகரத்தினம்மாள். பின்னாளில் அந்த மரபைப் பற்றிப் பேசவே நம் வீடுகள் கூசின. தட்டுகள் பரணுக்குப் போனதற்கு இடப் பற்றாக்குறையை மட்டும் காரணம் சொல்ல முடியாது. தாயியின் தட்டைக் கேட்டு மயங்கிய பிரெஞ்சு இசையமைப்பாளர் மொரிஸ் டெலாஜ், 1910-களில் அதைத் தழுவி ‘ராகமாலிகா’ என்றொரு பாடலே அமைத்தார். தாளவாத்திய ஓசைக்காகப் பியானோவின் ஒரு தந்தியடியில் அட்டையைச் செருகச் சொன்னார். அந்த அளவுக்கு ஒரு பாரிஸ்காரர் காதுகொடுத்த குரலுக்கு உரியவரின் பெயர்கூட கோயம்புத்தூரிலேயே பலருக்குத் தெரியாது.

எல்பி காலத்திலும் நாம் திருந்தவில்லை. கேசட் வந்ததும் கல்யாண வீட்டு சவுண்ட் சர்வீஸ்காரர்களின் பெட்டி பெட்டியான தட்டுகள் பழைய சாமான் கடைக்குப் போயின. வெந்நீரில் வளைத்துப் பூச்சாடி செய்தவர்களும் உண்டு, அழகாகத்தான் இருந்தது. இப்போது வரவேற்பறைக்கென்று பித்தளைக் குழல் வைத்த புதுக் கிராமபோன் வாங்குகிறோம். அதில் பாட்டு ஓடாவிட்டாலும் யாருக்கும் குறையில்லை.

1954-ஆம் ஆண்டுச் சட்டப்படி நாட்டில் அச்சாகும் நூல் எதுவானாலும் ஒரு படி சென்னை கன்னிமாரா நூலகத்துக்குச் சேர வேண்டும். துப்பறியும் நாவலுக்கும் அந்தச் சட்டத்தில் இடமுண்டு. இசைத்தட்டுக்கு இல்லை. அரசை மட்டும் குறைசொல்ல வாயில்லை. சங்கீத ரசிகர்கள் என்று மார்தட்டும் நாம், இசைத்தட்டுக்கும் இடம் வேண்டும் என்று ஊர்கூடிக் கேட்டதில்லையே. தட்டுகளைக் காத்ததில் பெரும்பங்கு சேகரிப்பாளர் வி.ஏ.கே. ரங்காராவைப் போன்ற தனிமனிதர்களுடையது. வீடு நிறையக் குப்பை சேர்க்கும் பைத்தியங்கள் என்று அப்படிப்பட்டவர்களைப் பார்த்துச் சிரித்தோம். பிறகு தாத்தா காலத்துப் பாட்டொன்று தேவைப்பட்டபோது, அவர்கள் வீட்டு அழைப்பு மணியைத்தான் அழுத்தினோம், ஒரு பிரதி இலவசமாகக் கிடைக்குமா என்று.