காணி யாருடையது என்பதை முதலில் அரசு நிரூபிக்கட்டும்

ஒரு குடும்பம் தலைமுறைகளாகக் குடியிருந்து பயிர்செய்துவரும் காணியில் ஒருநாள் அறிவித்தல் ஒன்று ஒட்டப்படுகின்றது. 'இது அரச காணி. குறிப்பிட்ட திகதிக்குள் வெளியேற வேண்டும்' என்பதே அதன் சாரம். அரசு எந்த ஆதாரத்தைக் கொண்டு அக்காணிக்கு உரிமை கோருகின்றது என்று கேட்பதற்கு அக்குடும்பத்துக்கு வாய்ப்பு இருக்கின்றதா? சட்டத்தைப் படித்துப் பார்க்கும்போது, இல்லை என்ற கசப்பான பதிலே கிடைக்கின்றது.

1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க அரச காணிகள் (உடைமை மீளப்பெறல்) சட்டத்தின்படி, ஒரு காணி அரசுக்குரியது என்று தகுதிவாய்ந்த அதிகாரி அபிப்பிராயம் கொண்டாலே போதுமானது. குறைந்தது 30 நாள் அவகாசத்துடன் அவர் அறிவித்தல் விடுக்கலாம். அது தொடர்பில் அவர் முன் விளக்கமளிக்கும் உரிமை குடியிருப்பவருக்கு இல்லை. வெளியேற மறுத்தால் விடயம் நீதவான் நீதிமன்றத்துக்குச் செல்லும். அங்கும், செல்லுபடியாகும் அனுமதிப்பத்திரம் அல்லது அரசின் எழுத்துமூல அதிகாரம் உண்டு என்பதை மட்டுமே காட்ட முடியும். தந்தைவழி வந்த உறுதி அங்கு பதிலாகாது. அதிகாரியிடம் சான்று கேட்கும் அதிகாரம் நீதவானுக்கும் இல்லை. அவரது கட்டளைக்கு எதிராக மேன்முறையீடும் கிடையாது.

தரிசாகவும் காடாகவும் கிடக்கும் நிலம் முடிக்குரியதென அனுமானித்த 1840ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டத்தை வகுத்தது அந்நிய ஆட்சி. அந்த ஆட்சி அகன்றும் அதன் மனப்பாங்கு அகலவில்லை. போரினால் வெளியேறியவரின் காணி காடாகிப் போனதென்றால் அது அவர் செய்த குற்றமா? 1990இல் புலிகளால் வெளியேற்றப்பட்ட மன்னார் முசலிப் பிரதேச முஸ்லிம்கள் போர் முடிந்து ஊர் திரும்பியபோது, மறிச்சுக்கட்டி, கரடிக்குளி பகுதிகள் 2012இல் வர்த்தமானி மூலம் வனமாக்கப்பட்டன. 2025 மார்ச்சில் வடக்கில் 5,941 ஏக்கர் தொடர்பில் வெளியான வர்த்தமானியோ, மூன்று மாதங்களுக்குள் உரிமை கோரப்படாத காணிகள் அரச காணிகளாகும் என்றது. உரியவர்களில் எத்தனையோ பேர் புலம்பெயர்ந்தும் ஆவணங்களை இழந்தும் இருக்கும் நிலையில் அந்த அவகாசம் எம்மாத்திரம்? அவ்வாண்டு ஜூனில் உயர் நீதிமன்றம் அதனை இடைநிறுத்தியமை ஆறுதலளித்தது. வழக்குத் தொடுத்ததனாலேயே அந்த ஆறுதல் கிட்டியது என்பதை நாம் மறந்துவிடலாகாது.

வெளியேற்றல் அறிவித்தலையும் எதிர்க்க வழிகள் உண்டு. உரித்துப் பற்றி உண்மையான தகராறு இருக்கும்போது, அறிவித்தலை இரத்துச் செய்யும் எழுத்தாணை கோரி மேன்முறையீட்டு நீதிமன்றத்தை நாடலாம். வெளியேற்றக் கட்டளை பிறந்த பின்னரும், 6 மாதங்களுக்குள் அரசுக்கு எதிராக வழக்கிட்டு உரித்தை நிலைநாட்டுவதற்குச் சட்டம் இடமளிக்கின்றது. எனினும், இத்தகைய அறிவித்தல்களுக்கு எதிரான எழுத்தாணை மனுக்களை விசாரிக்க மாகாண மேல் நீதிமன்றங்களுக்கு அதிகாரமில்லை என்று ஸ்டாஃபர்ட் தோட்ட வழக்கில் 2013இல் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. எனவே முசலியிலும் முல்லைத்தீவிலும் உள்ள ஏழை விவசாயி கொழும்புக்கே வரவேண்டியுள்ளது. வழக்குச் செலவுக்கு அஞ்சியே பலர் வாய்மூடி வெளியேறினால், அதனைச் சட்டத்தின் வெற்றி என்று எவரும் கொள்ள முடியாது.

அரச காணிகள் பாதுகாக்கப்பட வேண்டும் என்பதில் எமக்கு மாற்றுக் கருத்தில்லை. செல்வாக்குள்ளவர்கள் அபகரித்த காணிகளை மீட்கும் கரத்தை நாம் தடுக்கவும் இல்லை. ஆனால் ஒரு காணி அரசுக்குரியதுதானா என்ற கேள்வியையே நீதவான் கேட்கக்கூடாது எனும் ஏற்பாடு நீதிக்கு ஒவ்வாதது. ஆட்களை வெளியேற்றுவதற்கு முன் தனது உரித்தை அரசு மன்றில் காட்ட வேண்டும் எனும் வகையில் இச்சட்டம் திருத்தப்பட வேண்டும். காணியென்றதும் தத்தம் சமூகத்தின் துயரை மட்டுமே பேசிவரும் தமிழ், முஸ்லிம் பாராளுமன்ற உறுப்பினர்கள் இந்த ஒரு கோரிக்கையிலாவது கைகோர்ப்பார்களா?

மக்களுக்கு நாம் சொல்லக்கூடியது இதுதான். உறுதி, அனுமதிப்பத்திரம், வரைபடம், வரிப் பற்றுச்சீட்டு ஆகியவற்றைத் தேடியெடுத்துப் பிரதிகளுடன் பாதுகாத்துக்கொள்ளுங்கள். அறிவித்தல் கிடைத்த அன்றே சட்டத்தரணி ஒருவரை நாடுங்கள். அவகாசம் கழிந்த பின் கதவைத் தட்டுவதில் பயனில்லை.