காவிரியில் குதிக்கும் வாலிபர்கள்

ஆடிப் பெருக்கன்று ஸ்ரீரங்கம் அம்மா மண்டபப் படித்துறையில் கூட்டத்துக்குக் கேட்க வேண்டுமா? புதுமணப் பெண்கள் தாலிக் கயிறு மாற்றிக்கொள்வதும், காதோலை கருகமணியை ஆற்றில் விடுவதும், சித்திரான்ன மூட்டைகளை அவிழ்ப்பதுமாக ஒரே கோலாகலம். நடுவே, போலீசார் கட்டிய தடுப்பைத் தாண்டிப் போய் வெள்ளத்தில் தொபீரென்று குதிக்கிற பையன்களும் உண்டு. "கொழுப்பு!" என்பார்கள் பெரியவர்கள். கொழுப்புத்தான், ஆனால் இந்தத் தலைமுறையில் ஏறிய கொழுப்பல்ல.

கனடாவில் ஆராய்ச்சி செய்த மார்கோ வில்சன், மார்ட்டின் டேலி என்ற இருவர் 1985-ல் இதற்குக் காரணம் கூறினார்கள். ஆதி மனிதர் கூட்டத்தில் பேரும் பெண்ணும் கிடைக்க வேண்டுமானால் இளைஞன் தன் தீரத்தைக் காட்டியாக வேண்டும். மூலையில் பதுங்கியவன் பிழைத்திருப்பான். அவன் வம்சம் தழைத்திராது. துணிந்தவர்களில் பலர் மாண்டார்கள். மிஞ்சியவர்களின் சந்ததியே இன்றைய மனித குலம்.

பார்ப்பதற்கு ஆள் வேண்டும் என்பதுதான் இதில் சூட்சுமம். 2005-ல் வெளியான ஓர் அமெரிக்கச் சோதனையில், காரோட்டும் விளையாட்டை ஆடிய சிறுவர்கள் சிநேகிதர்கள் பார்த்திருக்கையில் அதிக அபாயத்துக்குத் துணிந்தார்கள். பெரியவர்களிடம் அந்த வித்தியாசம் இல்லை. 2010-ல் வெளிவந்த ஆஸ்திரேலிய ஆராய்ச்சியிலோ, சக்கரப் பலகையில் வித்தை காட்டிய வாலிபர்கள் அழகிய பெண்ணொருத்தி எதிரே நின்றதும் இன்னும் துணிந்தார்கள், விழுந்ததும் அதிகம்! முல்லைக்கலி பாடிய புலவருக்கு இது புதுச் செய்தியாக இருந்திராது. ஏறு தழுவியவனுக்கே பெண் என்பதல்லவா அன்றைய பேச்சு?

ஆகவே எச்சரிக்கைப் பலகை மட்டும் நட்டுப் பயனில்லை. 'அபாயம்' என்று எழுதிய இடமே பையனுக்குப் பேர் வாங்கித் தரும் இடம்.

திருச்சியை அடுத்த சூரியூரில் பொங்கலுக்கு ஜல்லிக்கட்டு நடக்கிறது. வீரர்களுக்கு வைத்தியப் பரிசோதனை, தரையில் தேங்காய் நார், பக்கத்திலேயே ஆம்புலன்ஸ் என்று இன்று ஜல்லிக்கட்டுக்கு எத்தனையோ விதிகள். அப்படியும் காயங்கள் உண்டு. சில ஊர்களில் உயிரும் போகிறது. ஆனாலும் காளையின் கொம்பு கண்ணுக்குத் தெரிகிறது. காவிரியில் மணல் அள்ளிய பள்ளமும் சுழலும் தெரிகின்றனவா? குதித்த பையனைத் தேடித் தீயணைப்புப் படையினர் வருவதற்குள் எல்லாம் முடிந்துவிடுகிறது.

நீச்சல் போட்டி வைத்து, ஊர் கூடிப் பார்த்து, பரிசும் கொடுத்தால் என்ன? திருட்டுத்தனமாகக் குதிப்பது அடியோடு நின்றுவிடாதுதான். ஆனால் பேர் வாங்க வேறொரு வழி திறக்கும், நீந்தவும் தெரிந்திருக்கும். நீச்சல் குளம் அண்ணா விளையாட்டரங்கில் இருக்கிறது. ஸ்ரீரங்கத்துப் பையனுக்கு அது ஆற்றைத் தாண்டி வெகு தூரம். தீவுக்குள்ளேயே ஒன்று வெட்டினால் நல்லது. கோடை விடுமுறையில் பயிற்சியைத் தொடங்கினால், ஆடி பதினெட்டுக்கு இரண்டு மாதத்துக்கு மேல் அவகாசம் இருக்கிறது.