பருப்பும் பல்லாரியும்

சங்கரன்கோவிலில் விசைத்தறி ஓடும் வீடுகளில் இரவுச் சாப்பாடு பெரும்பாலும் தோசைதான். மாவு தீர்ந்துவிட்டால் கடைப் பரோட்டா. பகலெல்லாம் தறிச் சத்தத்தில் நின்றவர்களிடம் போய், இனிமேல் அரைத்துக் கரைத்துக் குழம்பு வையுங்கள் என்று சொல்ல எனக்கு மனம் வராது. ஆனாலும் வீட்டில் எல்லாரும் ஒன்றாக உட்கார்ந்து, சூடாக, பருப்புச் சத்தோடு ஒரு வேளை சாப்பிட வேண்டும் என்ற ஆசை விடுவதில்லை. அதற்காகவே இந்த வாரம் அரை மணி நேரச் சமையல் ஒன்று. பாதி ஜெர்மனி, பாதி சிரியா, லெபனான், பாலஸ்தீனப் பக்கம்.

இரண்டையும் சேர்ப்பது மைசூர் பருப்பு. உடைத்த ஆரஞ்சு நிறப் பருப்பு அல்ல. தோலோடு பழுப்பாக இருக்கும் முழுப் பருப்பு. ஜெர்மனியின் தென்மேற்கில் சுவாபியா என்றொரு பகுதி. அங்கே இந்தப் பருப்பை கேரட்டோடு வேகவைத்து, கடைசியில் வினிகர் விட்டு, ஸ்பெட்ஸ்லே என்ற முட்டை மாவுத் துணுக்குகளோடு சாப்பிடுவார்கள். அரபு வீடுகளில் அதே பருப்பை அரிசியோடு வேகவைத்து, கருகுகிற பக்குவத்துக்குச் சிவந்த வெங்காயத்தை மேலே குவிப்பார்கள். பெயர் முஜத்தரா. 1226இல் பாக்தாத்தில் எழுதப்பட்ட சமையல் நூலிலேயே அது இருக்கிறது. இரண்டுமே கறி வாங்க முடியாத நாளில் வயிறு நிறைத்த சாப்பாடு.

இந்த இரண்டு ஊர்க்காரர்களும் பக்கத்துப் பக்கத்தில் வாழ்ந்ததுண்டு. 1868இல் சுவாபியாவிலிருந்து டெம்ப்ளர் என்ற கிறித்தவக் குழுவினர் கப்பலேறி ஹைஃபாவில் இறங்கினார்கள். அங்கும் யாஃபாவிலும் ஜெருசலேமிலும் கல்வீடு கட்டி, திராட்சையும் ஆரஞ்சும் வளர்த்தார்கள். இரண்டாம் உலகப் போரில் ஆங்கிலேயர் அவர்களை அடைத்துவைத்து, 1941இல் பலரை ஆஸ்திரேலியாவுக்கு ஏற்றிவிட்டார்கள். ஹைஃபாவில் அவர்கள் குடியிருந்த பகுதிக்கு இன்றும் ஜெர்மன் காலனி என்றுதான் பெயர். அங்கே இப்போது அரபு உணவகங்கள் நடக்கின்றன.

சுவாபியப் பருப்புக்கும் ஒரு கதை உண்டு. கல்லுநிலத்தில் விளைச்சல் கட்டுப்படியாகாமல் கடந்த நூற்றாண்டின் நடுவில் அந்தச் சாகுபடியே நின்றுபோனது. விதையும் காணாமல் போயிற்று. வோல்டெமார் மாமெல் என்ற விவசாயி மறுபடி பருப்பு விதைத்தார். ஆனால் அந்த மண்ணின் பழைய ரகம் அவருக்குக் கிடைக்கவில்லை. கடைசியில் 2006இல் அது ரஷ்யாவில், செயின்ட் பீட்டர்ஸ்பர்க் வாவிலோவ் விதைக் களஞ்சியத்தில் இருப்பது தெரிந்தது. கைப்பிடி விதையைக் கொண்டுவந்து பெருக்கினார்கள். பழைய நெல் ரகங்களைத் தேடி மீட்ட நெல் ஜெயராமனை அறிந்த நமக்கு அந்தப் பாடு புரியும்.

இனி அடுப்பு. நாலு பேருக்கு ஒரு டம்ளர் பருப்பு. வேலைக்குப் போகும்போதே ஊறப்போட்டால் நல்லது. கேரட், பூண்டு, கொஞ்சம் சீரகத்தூளோடு குக்கரில் இரண்டு விசில். குழைந்துவிடக் கூடாது. அது வேகிற நேரத்தில் மூன்று பெரிய பல்லாரி வெங்காயத்தை நீளவாக்கில் அரிந்து, தாராளமாக எண்ணெய் விட்டு மிதமான தீயில் வதக்குங்கள். பொன்னிறத்தோடு நிறுத்திவிடாதீர்கள். நல்ல பழுப்பாகி ஓரம் மொறுமொறுக்கும்வரை பொறுக்க வேண்டும். இந்தச் சாப்பாட்டின் ருசி முழுக்க இந்த இடத்தில்தான். அவசரம் வேறெங்கு பட்டாலும் இங்கே படக் கூடாது.

ஸ்பெட்ஸ்லேக்குக் கால் கிலோ மைதா, மூன்று முட்டை, உப்பு, அரை டம்ளருக்குக் குறைவாகத் தண்ணீர். பஜ்ஜி மாவைவிடக் கெட்டியாக, கரண்டியிலிருந்து இழுபட்டு விழுகிற பதம். உப்புப் போட்டுக் கொதிக்கும் தண்ணீருக்கு மேல் பூந்திக்கரண்டியைப் பிடித்து, மாவை ஊற்றித் தேயுங்கள். சுவாபியாவிலும் ஓட்டைத் தட்டு வைத்துத்தான் தேய்க்கிறார்கள். மிதந்து வந்ததும் அரித்து எடுத்துவிடலாம். பிள்ளைகளிடம் இந்த வேலையைக் கொடுக்காதீர்கள், ஆவி அடிக்கும். வெள்ளை எள்ளை வறுக்கச் சொல்லுங்கள். வறுத்த எள்ளைப் பூண்டோடும் தயிரோடும் அரைத்தால் அரபுப் பக்கத்துத் தொடுகறி ஆயிற்று. பருப்பில் வினிகருக்குப் பதில் எலுமிச்சை. எலுமிச்சைக்குப் பேர்போன புளியங்குடி பக்கத்திலேயே இருக்கும்போது புட்டி வினிகர் எதற்கு?

தட்டில் ஸ்பெட்ஸ்லே, அதன்மேல் பருப்பு, அதன்மேல் பல்லாரி, ஓரமாக எள்ளுத் தயிர்.

தஹினி என்ற எள்ளு விழுது, ஆலிவ் எண்ணெய் என்று வெளிநாட்டுச் சாமானைத் தேடி மதுரைக்கு ஓடுவதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். அடுத்த ஊர்க்காரரிடம் செய்முறையை வாங்கிக்கொள்ள வேண்டும். சாமான் நம் மண்ணுடையதாக இருக்க வேண்டும். நெல்லைச் சீமையின் சொதியே இலங்கைக்குப் போய்வந்தவர்கள் கொண்டுவந்ததுதான் என்பார்கள். இன்று அது இல்லாமல் எத்தனையோ வீடுகளில் மறுவீட்டு விருந்து நடப்பதில்லை.

மாவுப் பண்டம் வேண்டாம் என்கிற பெரியவர்களுக்கு அதே பருப்பையும் பல்லாரியையும் சோற்றில் போட்டுப் பிசைந்து கொடுங்கள். அது ஏறக்குறைய முஜத்தராவேதான். ஸ்பெட்ஸ்லே மீந்தால் மறுநாள் காலையில் வெண்ணெயில் பிரட்டி, முட்டை உடைத்து ஊற்றிக் கிளறலாம். சுவாபியர்களும் அப்படித்தான் தீர்க்கிறார்கள்.