ஒழுக்கத்திற்குக் காவல் கடவுளா, அறிவா?

"கடவுள் இல்லை, மோட்சம் இல்லை, நரகம் இல்லை என்று நீங்கள் சொல்லிக்கொண்டே போனால், பிறகு மனிதன் எதற்குப் பயந்து யோக்கியனாக நடப்பான்? திருடமாட்டானா? பொய் சொல்லமாட்டானா? பிறன் மனைவியைத் தொடமாட்டானா?" என்று திருவட்டாறு பக்கத்துத் தோழர்கள் சிலர் நம்மைக் கேட்கிறார்கள். நம் இயக்கத்தார் எந்த ஊர்க் கூட்டத்திற்குப் போனாலும் முதலில் வந்து விழும் கேள்வி இதுதான். இதைக் கேட்பவர்கள் கெட்ட எண்ணத்தோடு கேட்பதாக நாம் நினைக்கவில்லை. உண்மையாகவே பயந்துதான் கேட்கிறார்கள். ஆகவே இதற்குச் சாவகாசமாகப் பதில் சொல்லவேண்டியது நமது கடமையாகும்.

கேள்வி திருவட்டாற்றிலிருந்து வந்தபடியால் பதிலையும் அவ்வூரிலிருந்தே தொடங்குவோம். கோதையாறும் பறளியாறும் வளைந்தோடும் அவ்வூரில் ஆதிகேசவப் பெருமாள் கோயில் இருக்கிறது. 22 அடி நீளத்தில் பள்ளிகொண்ட அவ்விக்கிரகம் 16,008 சாளக்கிராமங்களைக் கொண்டு செய்யப்பட்டதாகச் சொல்லுகிறார்கள். கேசி என்ற அசுரன் எழுந்துவிடாதபடி அவனை அமுக்கிக்கொண்டே அவர் படுத்திருக்கிறாராம். தலபுராணம் அப்படிச் சொல்லுகிறது. சரி. அசுரனை அமுக்கும் பலமுள்ள அப்பெருமாளின் மேனியில் இருந்த தங்கக் கவசம் என்ன ஆயிற்று? பல ஆண்டுகளாகச் சிறுகச் சிறுகக் களவு போயிற்று. அந்தச் சங்கதி 1992-ஆம் ஆண்டில்தான் வெளிப்பட்டது. வழக்கு 27 ஆண்டுகள் நடந்து, 2019-இல் நாகர்கோவில் நீதிமன்றத்தில் 23 பேருக்குத் தண்டனை விதிக்கப்பட்டது. அவர்கள் யார்? சுயமரியாதைக்காரர்களா? நாஸ்திகர்களா? தண்டனை பெற்றவர்களில் அக்கோயிலிலேயே ஊழியம் பார்த்தவர்கள் இருந்தார்கள்!

தோழர்களே, இதைச் சற்று யோசியுங்கள். கடவுள் பயம் ஒழுக்கத்திற்கு வேலி என்பது உண்மையானால், அந்த வேலி எங்கே அதிக உயரமாக இருக்கவேண்டும்? கடவுளுக்கு அருகிலேயே நாள்தோறும் நிற்பவனிடத்தில் அல்லவா? அங்கேயே அது இல்லையென்றால், ஒன்பது மைலுக்கு அப்பால் ரப்பர் மரத்தில் பால் வெட்டுகிறவனை அது எப்படிக் காக்கும்? களவைக் கண்டுபிடித்தது யார்? பெருமாளா? மனிதன். விசாரித்தது யார்? மனிதன். சாட்சி சொன்னது யார்? மனிதன். தண்டித்தது யார்? மனிதன் எழுதிய சட்டம். பிறகு 418 ஆண்டுகளுக்கு அப்புறம் நடப்பதென்று சொல்லி, 2022-ஆம் ஆண்டு ஜூலை 6-ந் தேதி அக்கோயிலுக்குக் கும்பாபிஷேகமும் ஆயிற்று.

இதனால் கடவுள் நம்பிக்கையுள்ளவர்களெல்லாம் திருடர்கள் என்று நாம் சொல்லுவதாக யாரும் எடுத்துக்கொள்ளவேண்டாம். பக்தர்களில் எத்தனையோ யோக்கியர்கள் இருக்கிறார்கள். நாம் சொல்லுவதெல்லாம், அவர்கள் யோக்கியர்களாக இருப்பதற்குக் காரணம் அவர்களுடைய பக்தியல்ல, வேறொன்று என்பதேயாகும். அந்த வேறொன்று எது?

டார்வின் என்ற ஆராய்ச்சியாளர் 1871-இல் வெளியிட்ட தமது நூலில் இதற்கு விடை சொன்னார். கூட்டமாக வாழும் எந்த ஜீவனுக்கும், குஞ்சு குட்டிகளிடம் பற்றும் கூட்டாளிகளிடம் இரக்கமும் இயற்கையாகவே உண்டு. அப்படிப்பட்ட ஜீவனுக்கு மனிதனைப்போல் அறிவும் வளர்ந்துவிட்டால், மனச்சாட்சி தானாகவே தோன்றிவிடும் என்பது அவர் கருத்து. அதற்கு அவர் ஒரு பறவையை உதாரணம் காட்டுகிறார். பருவம் வந்தவுடன் தேசம்விட்டுத் தேசம் போகும் குருவியினத்தில், சில சமயங்களில் தாய் தன் குஞ்சுகளைக் கூட்டிலேயே விட்டுவிட்டுப் பறந்துவிடுகிறது. போகவேண்டுமென்ற வேகம் அந்நேரத்தில் பிள்ளைப் பாசத்தை மீறிவிடுகிறது. அந்தப் பறவைக்கு ஞாபகசக்தியும் யோசனையும் இருந்தால், போய்ச் சேர்ந்த இடத்தில், பசியால் மடியும் குஞ்சுகளை நினைத்து எவ்வளவு வேதனைப்படும்! சுசீந்திரம் குளத்திலும் தேரூர்க் குளத்திலும் வந்திறங்கும் வெளிநாட்டுப் பறவைகளைப் பார்ப்பவர்கள் இதை நினைத்துப் பார்க்கட்டும். பறவைக்கு இல்லாத அந்த நினைவு மனிதனுக்கு இருக்கிறது. அந்த நினைவின் வேதனைக்குத்தான் நாம் மனச்சாட்சி என்று பெயர் வைத்திருக்கிறோம். அது வானத்திலிருந்து வந்த அசரீரியல்ல.

டார்வினுக்குப் பின் வந்தவர்கள் இதைப் பரிசோதித்தே காட்டிவிட்டார்கள். தென் அமெரிக்கக் கண்டத்தில் இரத்தம் குடித்து வாழும் வௌவால்கள் உண்டு. இரண்டு மூன்று இரவு இரை கிடைக்காவிட்டால் அவை செத்துப்போகும். அப்படிப் பட்டினி கிடக்கும் வௌவாலுக்கு, இரை கண்ட வௌவால் தான் குடித்ததைக் கக்கிக் கொடுக்கிறது என்று 1984-இல் ஓர் ஆராய்ச்சி எடுத்துக் காட்டிற்று. குரங்குகள் இரண்டுக்கு ஒரே வேலையைக் கொடுத்து, கூலியாக ஒன்றுக்கு வெள்ளரித் துண்டும் மற்றொன்றுக்குத் திராட்சையும் கொடுத்தார்கள். வெள்ளரி பெற்ற குரங்கு பல தடவை அதை வாங்கமாட்டேனென்று மறுத்துவிட்டது. இது 2003-இல் வெளிவந்த ஆராய்ச்சி. நம்மூரில் ஒரே வேலைக்கு ஆணுக்கு ஒரு கூலி, பெண்ணுக்கு ஒரு கூலி கொடுக்கும் பெரியவர்கள் அந்தக் குரங்கினிடம் பாடம் கேட்கலாம். 2011-இல் சிகாகோ சர்வகலாசாலையில், கூண்டில் அடைபட்ட எலியை வெளியிலிருந்த எலி கதவைத் திறந்து விடுவித்ததைப் பார்த்தார்கள். தின்பண்டம் வைத்தபோதுகூட விடுவித்து, பல சமயம் பங்கும் கொடுத்ததாம். பதினெட்டு மாதக் குழந்தைகள், ஒருவர் கைநழுவ விட்ட பொருளைச் சொல்லாமலே எடுத்துக் கொடுக்கின்றன என்று 2006-இல் காட்டினார்கள்.

இந்த எலி எந்தக் கீதையைப் படித்தது? அந்த வௌவால் எந்தப் பைபிளைக் கேட்டது? அக்குழந்தைக்கு நரகத்தின் கொப்பரையைப் பற்றி யார் சொன்னார்கள்? ஒன்றுமில்லை. ஒத்து வாழ்ந்த கூட்டம் பிழைத்தது. ஒருவரையொருவர் கைவிட்ட கூட்டம் அழிந்தது. இலட்சக்கணக்கான ஆண்டுகள் இப்படி நடந்து நடந்து, இரக்கம் நம் இரத்தத்தில் ஊறிவிட்டது. மதங்கள் தோன்றுவதற்கு வெகு காலத்திற்கு முன்பே ஒழுக்கத்தின் விதை இருந்தது. மதம் அந்த விதையை உண்டாக்கவில்லை. பிறர் நிலத்தில் விளைந்ததற்குத் தன் பெயரில் பட்டா எழுதிக்கொண்டது. அவ்வளவுதான்.

நிற்க. இங்கே நாம் ஒரு விஷயத்தை மறைக்காமல் சொல்லவேண்டும். இயற்கை கொடுத்தது நல்லது மட்டுமல்ல. தங்களுக்குள் அடிபட்டவனைத் தடவிக்கொடுத்துத் தேற்றும் அதே சிம்பன்சிக் குரங்குகள், 1974 முதல் நான்கு ஆண்டுகள் ஆப்பிரிக்காவில் கோம்பே என்ற காட்டில், பிரிந்துபோன கூட்டத்தாரைத் தேடித் தேடிக் கொன்றதையும் ஆராய்ச்சிக்காரர்கள் நேரில் பார்த்திருக்கிறார்கள். அதாவது, இயற்கை தந்த இரக்கத்திற்கு ஒரு சிறு வட்டம் உண்டு. "நம்மவன்" என்றால் இரக்கம். "அந்நியன்" என்றால் பகை. ஆகவே விதை மட்டும் போதாது. அந்த வட்டத்தைப் பெரிதாக்க அறிவு வேண்டும்.

மதம் இந்த இடத்தில் என்ன செய்தது? வட்டத்தைப் பெரிதாக்கிற்றா? நமது நாஞ்சில் நாட்டுச் சரித்திரத்தையே பாருங்கள். மதம் அந்த வட்டத்திற்குச் சாதி என்று பெயர் சூட்டி, அது கடவுள் போட்ட கோடு என்று சொல்லி, அழிக்க முடியாதபடி செய்ய முயன்றது. பத்மநாபசுவாமிக்கு அடிமையென்று சொல்லிக்கொண்ட திருவிதாங்கூர் இராஜ்யத்தில், மனிதனை மனிதன் விலைக்கு வாங்கி விற்கும் வழக்கம் 1855 வரையில் சட்டப்படி இருந்தது. நாடார்ப் பெண்கள் மார்பை மறைக்க உரிமை கேட்டபோது, அது தர்மத்திற்கு விரோதமென்று தெருவில் துணியைக் கிழித்தார்கள். 1859-இல் சர்க்கார் இறங்கிவந்து விளம்பரம் போட்டபோதுகூட, மேல்சாதிப் பெண்களைப்போல் உடுத்தக்கூடாது என்ற நிபந்தனையோடுதான் போட்டார்கள். மார்பை மறைப்பது பாவம்! இதுவா கடவுள் தந்த ஒழுக்கம்? சுசீந்திரம் கோயிலில் குற்றஞ்சாட்டப்பட்டவனின் கையைக் கொதிக்கும் நெய்யில் முக்கவைத்து, கை வெந்தால் குற்றவாளி, வேகாவிட்டால் நிரபராதி என்று தீர்ப்புச் சொன்ன கைமுக்கு என்ற வழக்கமும், 19-ஆம் நூற்றாண்டில் நிறுத்தப்படும்வரை நீதியென்றே பெயர் பெற்றிருந்தது.

இன்னும் கேளுங்கள். 1936-ஆம் ஆண்டு நவம்பர் 12-ந் தேதி திருவிதாங்கூரில் ஆலயப் பிரவேச விளம்பரம் வெளியாயிற்று. 11-ந் தேதி வரையில் புலையனும் பறையனும் நாடாரும் ஈழவரும் உள்ளே போனால் தோஷம், சாமி ஓடிப்போகும். 12-ந் தேதி போனால் தோஷமில்லை! ஒரே இரவில் சாமியா மாறிற்று? சாஸ்திரமா மாறிற்று? ஒன்றும் மாறவில்லை. வைக்கத்தில் 1924-இல் தொடங்கி அடிபட்டுச் சிறைசென்றவர்கள் உண்டாக்கிய வெட்க உணர்ச்சியும், தாழ்த்தப்பட்டவர்கள் வேறு வழி பார்த்துக்கொள்வார்களோ என்ற பயமும் சேர்ந்து இராஜாவின் புத்தியை மாற்றின. மனிதனின் அறிவு மாறியபின், சாமி பின்னாலேயே நடந்து வந்தது. எப்போதும் இப்படித்தான். ஒழுக்கத்தில் மதம் அறிவுக்கு வழிகாட்டியதில்லை. அறிவு இழுத்த இழுப்பில் மதம் வந்திருக்கிறது.

அறிவின் ஒழுக்கம் எப்படியிருக்கும் என்று பார்க்கவேண்டுமானால், திருவட்டாற்றுத் தோழர்கள் வெகு தூரம் போகவேண்டியதில்லை. பக்கத்திலுள்ள மாத்தூருக்குப் போகட்டும். 1966-இல் கட்டப்பட்ட தொட்டிப்பாலம், 28 தூண்களின்மேல், 115 அடி உயரத்தில், பறளியாற்றுக்கு மேலாக ஒரு குன்றிலிருந்து மறு குன்றுக்குத் தண்ணீரைக் கொண்டுபோகிறது. அந்தத் தண்ணீர் கீழே பாயும்போது எவன் வயல், என்ன சாதி, எந்தக் கோயில் என்று கேட்பதில்லை. வறட்சியில் காய்ந்தவன் கஷ்டத்தைத் தன் கஷ்டமாக எண்ணிய இரக்கம் ஒன்று. அதைத் தீர்க்க வழி கண்ட அறிவு ஒன்று. இரண்டும் சேர்ந்ததே பாலம். இரண்டும் சேர்ந்ததே ஒழுக்கம்.

மற்றொன்று. கடவுளைக் காட்டி வரும் ஒழுக்கத்தில் பெரிய ஓட்டை ஒன்று இருக்கிறது. அதற்குப் பெயர் பரிகாரம். அயலானை மோசம் செய்தவன் அயலானிடம் போய் மன்னிப்புக் கேட்கவேண்டியதில்லை. உண்டியலில் போட்டால் போதும், ஆற்றில் முழுகினால் போதும். கடன்பட்டது ஒருவனிடம், தீர்ப்பது வேறொருவனிடம் என்றால், இது ஒழுக்கமா, கள்ளக்கணக்கா? அறிவின் ஒழுக்கத்தில் இந்தச் சலுகை கிடையாது. யாருக்குத் தீங்கு செய்தாயோ அவனுக்குத்தான் ஈடு செய்யவேண்டும். ஆகவே எங்கள் ஒழுக்கம் பக்தர்களுடையதைவிடச் சுலபமானதல்ல, கடினமானதேயாகும்.

இது வெறும் வேதாந்தப் பேச்சல்ல. சாதி மாறி மணம் செய்துகொண்டாள் என்பதற்காகப் பெற்ற மகளையே கொன்றார்கள் என்ற செய்தி இன்றைக்கும் தமிழ்நாட்டில் வருகிறது. கொன்றவர்கள் கடவுள் பயம் இல்லாதவர்களா? குலதெய்வத்தை விடாமல் கும்பிட்டவர்களாகவே இருப்பார்கள். தாய்க்கும் தகப்பனுக்கும் இயற்கை கொடுத்த பாசத்தையே கொன்றுபோடும்படியான வலிமை எலிக்கும் வௌவாலுக்கும் இல்லாத ஒன்றினிடம் இருக்கிறது. அதுதான் சாதி. அதைத் தாங்கி நிற்கும் தூண்தான் மதம்.

ஆகவே தோழர்களே, உங்கள் பிள்ளை பொய் சொன்னால் "சாமி கண்ணைக் குத்தும்" என்று சொல்லாதீர்கள். ஒரு நாள் அவன் பொய் சொல்லிப் பார்ப்பான், சாமி குத்தாது, அன்றோடு அவன் ஒழுக்கம் போய்விடும். "நீ சொன்ன பொய்யால் யாருக்கு நஷ்டம்? அதே பொய்யை உன்னிடம் ஒருவன் சொன்னால் உனக்கு எப்படியிருக்கும்?" என்று கேளுங்கள். இந்தக் கேள்வி அவன் சாகும்வரை அவனோடு இருக்கும். பூட்டில்லாத அறையிலும், சாட்சியில்லாத இருட்டிலும் அது அவனைக் காக்கும். பெருமாளின் கவசத்தைப் பெருமாளால் காக்க முடியவில்லை. மனிதனின் மானத்தை மனிதனின் அறிவுதான் காக்கவேண்டும்.