சோபாவும் பந்தயத்தில் ஓடும்!

ரிமோட்டில் ஓடும் ஒரு பொம்மைக் கார். அது தெருவில் பாய்கிறது. பெரிய கடைக்குள் புகுகிறது. காட்சிசாலைக்குள் சுற்றுகிறது. முன்னால் ஓடும் கார் மீது வாணத்தை விடுகிறது!

இது கம்ப்யூட்டரில் ஆடும் பந்தய ஆட்டம். பெயர் "ரீ-வோல்ட்". 1999-ம் ஆண்டில் வெளிவந்தது. அக்ளைம் என்ற அமெரிக்கக் கம்பெனியின் லண்டன் கிளை இதைத் தயாரித்தது.

2004-ம் ஆண்டில் அந்தக் கம்பெனி திவாலானது. ஆனால் ஆட்டம் நிற்கவில்லை. இன்றும் ஆடுகிறார்கள். காரணம்? ரசிகர்கள் தாங்களே செய்து சேர்த்த கார்கள்!

இந்த ஆட்டத்தில் ஒவ்வொரு காருக்கும் ஒரு குறிப்பு உண்டு. எடை எவ்வளவு, வேகம் எவ்வளவு, சக்கரம் எந்த இடத்தில் என்பதெல்லாம் அதில் சாதாரண எழுத்தில் இருக்கும். பூட்டு கிடையாது. யாரும் திறந்து எண்களை மாற்றலாம். எடையைக் கூட்டினால், கார் மற்றக் கார்களை இடித்துத் தள்ளும். சக்கரத்தை இடம் மாற்றி வைத்தால் குட்டிக்கரணம் போடும்!

கார் போலத்தான் வரைய வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. சோபாவை வரைந்து கொடுத்தால் சோபா ஓடும். கம்பெனிக்காரர்களே ஒரு பறக்கும் தட்டை உள்ளே ஒளித்து வைத்திருந்தார்கள்!

"வேலையற்ற வேலை" என்று பெரியவர்கள் சொல்லலாம். அது சரியல்ல. சோபாவை ஓட்டப் பார்க்கும் பிள்ளை, அது ஏன் கவிழ்கிறது என்று யோசித்தே ஆக வேண்டும். பத்துத் தடவை கவிழ்ந்து, பதினோராவது தடவை ஓடினால், அந்தப் பாடம் மறக்குமா?

ஒன்று மட்டும் கூடாது. ஒருவர் இரவெல்லாம் கண்விழித்துச் செய்த காருக்கு வேறு வண்ணம் பூசி, தன் பெயரைப் போட்டுக்கொள்வது! காசு வாங்காமல் செய்தவருக்கு அந்தப் பெயர்தான் கூலி. அதையும் பறிக்கலாமா?

இன்று பல கம்பெனிகள் ஆட்டத்தைப் பூட்டி விடுகின்றன. பலர் சேர்ந்து ஆடும்போது யாரும் ஏமாற்றக்கூடாது என்கிறார்கள். அது நியாயமே. ஆனால், வீட்டில் தனியாக ஆடும் பிள்ளைக்கும் பூட்டு எதற்கு? புதிய கார்களைத் தனி விலைக்கு விற்க அந்தப் பூட்டு வசதியாக இருக்கிறது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

ரீ-வோல்ட் ரசிகர்கள் காரோடு நிற்கவில்லை. ஆட்டத்தின் உள்வேலையையும் திருத்தி, "ஆர்.வி.ஜி.எல்." என்ற புது வடிவம் கொடுத்தார்கள். அது ஆண்ட்ராய்டு போனிலும் ஓடுகிறது. முன்பு செய்த பழைய கார்களும் அதில் ஓடுகின்றன.