தடுத்தவர்க்கும் ஒரு பரிசு

கோல் அடித்தவர்க்கே மாலை சூட்டுகிறோம். பந்தை மறித்துக் கொடுத்தவரை மறந்துவிடுகிறோம். இது முறையன்று.

அர்ஜென்டினாவின் ஹாவியர் மஸ்கெரானோ 2004, 2008 ஒலிம்பிக் போட்டிகளில் தங்கம் வென்றவர். நடுக்களக் காவலராய்ப் புகழ்பெற்று, பார்சிலோனாவில் பின்காவலுக்கு மாறியவர். 2010 முதல் 2018 வரை அங்கு அவர் அடித்தது ஒரே கோல்; அதுவும் பெனால்டி! எனினும் 2011, 2015 ஆகிய ஆண்டுகளில் அவ்வணி ஐரோப்பிய சாம்பியன் கோப்பையை வென்றது அவர்தம் காவலோடுதான்.

நம் வியாசர்பாடி தனபால் கணேசும் அத்தகையவரே. 2018இல் இந்தியன் சூப்பர் லீக்கை வென்ற சென்னையின் எஃப்.சி. அணியின் நடுக்களத்தைக் காத்தவர்களுள் அவர் ஒருவர்.

ஆதலின், ஸ்ரீமுஷ்ணம் வட்டாரத்தில் நடத்தப்பெறும் கால்பந்துப் போட்டிகளில் கோல் அடித்தவர்க்கு மட்டுமன்றித் தடுத்தவர்க்கும் தனிப்பரிசு வழங்கிட வேண்டுகிறோம். தடுத்த கோலும் வெற்றிக்கு உரியதன்றோ?