கண்டலுக்குக் காவல் யார்?

கற்பிட்டியிலிருந்து வடக்கே படகில் போனால், ஒருபக்கம் கடலும் மறுபக்கம் களப்புமாக ஒடுங்கிக் கிடக்கிறது உச்சமுனை. இந்த மணல்திட்டின் களப்புப் பக்கக் கரையைப் பிடித்து வைத்திருப்பவை கண்டல் மரங்கள். இறால் குஞ்சும் நண்டுக் குஞ்சும் வளர்வது அவற்றின் வேரடியில்தான். ஆனாலும் அவற்றுக்குக் காவல் யார் என்று கேட்டால் ஆளுக்கு ஆள் கைகாட்டுகிறோம்.

இலங்கையின் மிக அரிய கண்டல்களில் ஒன்று லும்னிட்சரா லிட்டோரியா. சிவப்பாகப் பூக்கும் அந்த மரத்தைப் பார்க்க இன்று தென்மேற்கே மாது கங்கைப் பக்கம் போக வேண்டும், அங்கும் சொற்பம்தான். வெள்ளையாகப் பூக்கும் அதன் உறவினம் புத்தளத்தில் இன்னமும் இருக்கிறது. இருக்கிறதே என்று நாம் அசட்டையாக இருப்பதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

1980களிலும் 90களிலும் புத்தளம் மாவட்டத்தில் இறால் பண்ணைகளுக்காகக் கண்டல் காடுகள் அழிக்கப்பட்டன. பிறகு வெண்புள்ளி நோய் வந்தது. பல பண்ணைகள் கைவிடப்பட்டன. உப்பேறிய குளங்கள் மட்டும் அப்படியே கிடக்கின்றன.

நட்டால் போதும் என்பவர்களுக்கு ஒரு கணக்கு. 2004 ஆழிப்பேரலைக்குப் பின் நாட்டின் பல கரைகளில் கண்டல் நட்டோம். 23 இடங்களைப் பார்த்த ஆய்வு 2017இல் வெளிவந்தது. 1,000 ஹெக்டேயருக்கு மேல் முயன்றதில் தேறியது சுமார் 200 ஹெக்டேயர். 9 இடங்களில் ஒரு கன்றுகூட மிஞ்சவில்லை. பொருந்தாத இடத்தில் பொருந்தாத இனத்தை நட்டார்கள், நட்டபின் திரும்பிப் பார்க்கவில்லை, மாடு மிதித்தது. கண்டல் காட்டுக்குள் போய்ப் பாருங்கள். சில இனங்களின் விதை மரத்திலேயே முளைத்து, முருங்கைக்காய் போல நீண்டு தொங்கும். விழுந்த இடத்தில் சேறும் வற்றுப்பெருக்கும் சரியாக இருந்தால் தானே வேரூன்றும். நீரோட்டத்தை அடைத்துவிட்டு ஆயிரம் கன்று நட்டும் பயனில்லை.

எனவே பொறுப்பைப் பங்கிட்டே ஆக வேண்டும். விறகுக்கும் கம்புக்கும் பச்சை மரத்தில் கத்தி வைப்பதில்லை என்று மீன்வாடிக்காரர்கள் தங்களுக்குள் கட்டுப்பாடு வைக்கலாம். சுற்றுலா விடுதி கட்டுவோர் களப்போரத்தை நிரப்பக்கூடாது. திணைக்களங்கள் எல்லைக்கல் நாட்டுவதோடு நிற்காமல், கைவிட்ட பண்ணைகளின் வரம்பை வெட்டி நீர் பாய வழிவிட வேண்டும். தமிழர், சிங்களவர், முஸ்லிம்கள் எல்லோரும் வலை வீசும் களப்பு இது. கோவிலும் தேவாலயமும் பள்ளிவாசலும் பன்சலையும் சொன்னால் ஊர் கேட்கும்.

பிரதேச செயலாளர் இவர்கள் எல்லோரையும் ஒரே மேசைக்கு அழைக்கட்டும். எந்தக் கரையில் கத்தி படக்கூடாது, எந்த வரம்பை எப்போது வெட்டுவது, யார் பார்த்துக்கொள்வது என்பதை அங்கேயே எழுதி, எல்லோரும் கையொப்பமிடுங்கள்.